டொம்பாலாவின் முகமூடி

படப்பை
18-11-1996

அன்புத் தங்கச்சி நஃபீசாவுக்கு,

முனிரத்தினம் அண்ணன் எழுதுகிறேன். மஸ்கட்டிலிருந்து உன் வீட்டுக்காரன் எனக்குக் கடிதம் போட்டு இரண்டு மாதமாகிறது. உனக்காவது ஒழுங்காக எழுதுகிறானா? திருமுடிவாக்கம் ஒர்க்‌ஷாப்பில் அவன் இடத்துக்கு வந்திருக்கும் ஆள் வைக்கிற வெல்டிங் மறுநாளே விட்டுவிடுகிறது. மேனேஜர் வாரம் ஒருமுறையாவது முனீரை நினைத்துப் பெருமூச்சு விடுகிறார். ஸ்டோரில் உட்கார்ந்திருக்கும் நானும்தான்.

விஷயத்துக்கு வருகிறேன். நம் சிறுவர் பத்திரிகையின் ஜனவரி இதழுக்கான கதை இத்துடன் இருக்கிறது. எட்டுப் பக்கம், ஆறு படம். டொம்பாலா இந்த மாதம் இளவரசியைச் சாக்கில் போட்டுத் தூக்கிக்கொண்டு கடலைத் தாண்டுகிறான். மூன்று வருடமாக நான் எழுத, நீ வரைய, அவனும் ஓய்வில்லாமல் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டுதான் இருக்கிறான். அலுப்பதாகத் தெரியவில்லை, அவனுக்கும் சரி, படிப்பவர்களுக்கும் சரி.

இப்போது நல்ல சேதி. பொங்கல் இதழோடு டொம்பாலா முகமூடி இலவசம் என்று ஆசிரியர் முடிவு செய்துவிட்டார். அட்டையில் அச்சடித்து, கண்ணுக்கு ஓட்டை போட்டு, ரப்பர் பேண்டு மாட்டித் தருவார்களாம். நீதான் வரைய வேண்டும். முழு முகம், நேர்ப் பார்வை. உதட்டை இன்னும் கொஞ்சம் தடியாக்கு. மூக்கில் செருகிய எலும்பை மறக்க வேண்டாம். போன மாதம் கண்ணில் ஏதோ சோகம் தட்டியதாக ஆசிரியர் குறைப்பட்டார். ஆப்பிரிக்கப் பக்கத்துக் காப்பிரித் தீவின் ராட்சதனுக்கு எதற்குச் சோகம்? கண்ணை உருட்டிவிடு.

என் மகள் காமு எட்டு வயசுக்கு வீட்டையே ஆட்டி வைக்கிறாள். முகமூடி வந்தால் முதல் முகமூடி அவளுக்காம். சத்தியம் வாங்கிவிட்டாள்.

உன் அண்ணன்,
முனிரத்தினம்


செம்பாக்கம்
29-11-1996

அண்ணாவுக்கு,

முகமூடிப் படமும் மற்ற ஆறு படங்களும் வரைந்து முடித்துவிட்டேன். ஆசிரியருக்கு நேரே அனுப்பியிருக்கிறேன். அவர் (முனீரைத்தான் சொல்கிறேன்) நன்றாக இருக்கிறார். அங்கே வெயிலைப் பற்றி மட்டும் பக்கம் பக்கமாக எழுதுகிறார்.

உங்களிடம் ஒன்று சொல்ல வேண்டும். எப்படிச் சொல்வது என்று தெரியாமல் நாலு நாளாகப் பேனாவை எடுப்பதும் வைப்பதுமாக இருக்கிறேன். மாடிப் போர்ஷனுக்கு ஆள் வந்தாயிற்று. சூடான் தேசத்துப் பிள்ளை. பெயர் இத்ரீஸ். தாம்பரம் பக்கம் கல்லூரியில் விலங்கியல் படிக்கிறார். ஏழு வீடு கேட்டாராம், ஏழிலும் இல்லை என்றார்களாம். அதில் மூன்று வீட்டுக்கு இன்னும் டு-லெட் போர்டு தொங்குகிறது. புரோக்கர் வேதாசலம்தான் தயங்கித் தயங்கி அழைத்துக்கொண்டு வந்தார். எங்களுக்கே முஸ்லிம் என்று வீடு கிடைக்காமல் அலைந்த காலம் இருந்ததே என்று நினைத்துக்கொண்டேன். சாவியைக் கொடுத்துவிட்டேன்.

ரொம்ப அமைதி. படி ஏறும்போது செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு ஏறுகிறார், எனக்குத் தொந்தரவாக இருக்குமாம்.

முகமூடிப் படம் மை காயட்டும் என்று ஜன்னலில் கிளிப் போட்டுத் தொங்கவிட்டிருந்தேன். கல்லூரிக்குக் கிளம்பியவர் பார்த்துவிட்டார். யார் இது என்று ஆங்கிலத்தில் கேட்டார். "பூதம்" என்றேன். "பூதம்" என்று திரும்பச் சொல்லிப் பார்த்துவிட்டு, புது வார்த்தை கற்றுக்கொண்ட சந்தோஷத்தில் போனார். வரைவது நான்தான் என்று சொல்லவில்லை. தமிழ் எழுத்துப் படிக்க எளிதான புத்தகம் ஏதாவது இருக்கிறதா என்றும் கேட்டார். என் வீட்டில் இருக்கிற எளிதான புத்தகம் நம்முடையதுதான். இல்லை என்றேன்.

அண்ணா, கண்ணை உருட்டச் சொன்னீர்கள். உருட்டியிருக்கிறேன். ஆனால் இந்த முறை கை ஓடவில்லை.

நஃபீசா


செம்பாக்கம்
20-1-1997

அண்ணாவுக்கு,

பொங்கல் எப்படிப் போயிற்று? இங்கே தெரு முழுக்க டொம்பாலா. சிறிசுகளெல்லாம் முகமூடி மாட்டிக்கொண்டு, கை காலில் அடுப்புக்கரி பூசிக்கொண்டு, பழைய கோணியைத் தோளில் போட்டுக்கொண்டு ஓடுகிறார்கள். முதல் நாள் எனக்கும் சிரிப்புத்தான் வந்தது, மறைக்கவில்லை. நான் வரைந்த முகம் இருபது கழுத்தின் மேல் ஓடுவதைப் பார்க்க ஒரு பெருமை.

இரண்டாம் நாள் அவர்கள் மாடிப்படிக்குக் கீழே வந்து நின்றார்கள். "டொம்பாலா வரான், சாக்கைத் தூக்கினு வரான்" என்று பாட்டு. இத்ரீஸ் கீழே வந்தார். அவரும் கூடச் சேர்ந்து கைதட்டினார். பாட்டு யாரைப் பற்றி என்று அவருக்குத் தெரியவில்லை. தெரிந்தது எப்போது என்றால், பின்னால் நின்ற ஒரு பெண் குழந்தை முகமூடியைக் கழற்றி, அண்ணாந்து அவர் முகத்தைப் பார்த்து, கையிலிருந்த அட்டையைப் பார்த்து, மறுபடியும் அவர் முகத்தைப் பார்த்து அழ ஆரம்பித்தபோது. கைதட்டியது நின்றது. மேலே போய்விட்டார். செருப்பைக் கழற்றவில்லை.

எதிர்ப்பக்கம் துளசிங்கம் வீடு கட்டுகிறார் இல்லையா, அங்கே திருஷ்டிக்குப் பூசணிக்காயோடு நம் முகமூடியையும் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார். இத்ரீஸின் கதவைத் திறந்தால் நேர் எதிரே அதுதான். எடுத்துவிடச் சொல்லிக் கேட்டேன். "இதுல இன்னாம்மா கீது, திருஷ்டிக்குத் தானே. கடையில வாங்குற பொம்மையவிட இதுதான் சூப்பரா பயமுறுத்துது" என்றார். வரைந்தவளிடமே சொல்கிறோம் என்று அவருக்குத் தெரியாது.

டொம்பாலாவை நிறுத்திவிடுங்கள் அண்ணா. வேறு எதை எழுதினாலும் வரைகிறேன்.

நஃபீசா


படப்பை
27-1-1997

திருமதி நஃபீசா முனீர் அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. திருடனைப் பற்றிக் கதை எழுதினால் மீசை வைத்தவர்களெல்லாம் சண்டைக்கு வருவார்களா? கதை வேறு, ஆள் வேறு. பிள்ளைகளுக்கு அது தெரியும். பெரியவர்களுக்குத்தான் தெரியவில்லை.

இருபது வருடம் நான் எழுதி அனுப்பாத பத்திரிகை இல்லை. எல்லாம் திரும்பி வந்தது. ஸ்டோர் கீப்பர் எழுதுகிறானாம் என்று ஒர்க்‌ஷாப்பில் கேலி செய்தார்கள். டொம்பாலா வந்த பிறகுதான் படப்பை பஸ் ஸ்டாண்டில் என்னை நிறுத்தி வைத்துப் பேசுகிறார்கள். காமுவின் பள்ளிக்கூடத்தில் மார்ச் மாத ஆண்டு விழாவுக்கு என்னைச் சிறப்பு விருந்தினராகக் கூப்பிட்டிருக்கிறார்கள். என் கதையையே நாடகமாகப் போடுகிறார்களாம். இதையெல்லாம் ஒரு குடித்தனக்காரருக்காகத் தூக்கிப்போட்டுவிட வேண்டுமா?

முகமூடியை வரைந்தது என் கையல்ல என்பதையும் பணிவுடன் நினைவூட்டுகிறேன். மார்ச் இதழுக்கான கதை இத்துடன் உள்ளது.

இப்படிக்கு,
முனிரத்தினம்


செம்பாக்கம்
7-2-1997

அண்ணாவுக்கு,

நீங்கள் என்னைத் திருமதி ஆக்கினாலும் நான் அண்ணா என்றுதான் எழுதுவேன். சண்டை போட இப்போது தெம்பில்லை.

புதன்கிழமை சாயங்காலம் பக்கத்து வீட்டுப் புஷ்பத்தின் மகளைக் காணவில்லை. நாலு வயசு. நோன்பு திறக்க இன்னும் பத்து நிமிஷம் இருக்கும். நான் இத்ரீஸுக்குக் கஞ்சி ஊற்றிக்கொண்டிருந்தேன். தினமும் மக்ரிப் தொழுகைக்கு முன்னால் கீழே வந்து தூக்குச்சட்டியை வாங்கிப் போவார். அன்றைக்குக் கல்லூரியிலிருந்து நேராக வந்தார், தோளில் துணி மூட்டை. வாரம் ஒருமுறை அழுக்குத்துணியை ஒரு பழைய அரிசிச் சாக்கில் கட்டி அங்கே விடுதியில் இருக்கும் சிநேகிதன் அறைக்கு எடுத்துப் போய்த் துவைத்து வருவார். என் குழாயில் தண்ணீர் செலவாகுமாம்.

சாக்கு அண்ணா. தெருமுனையிலிருந்து சாக்கைத் தூக்கிக்கொண்டு வந்தார்.

யார் முதலில் கத்தியது என்று தெரியவில்லை. நான் வெளியே வருவதற்குள் பத்துப் பதினைந்து பேர் படியை அடைத்துக்கொண்டு நின்றார்கள். எங்கள் தெரு மாரி சாக்கைப் பிடுங்கி ரோட்டில் கொட்டினான். நாலு சட்டை, ஒரு கைலி, ஒரு துண்டு, உள்ளாடைகள். எல்லாரும் பார்த்தார்கள். அதற்குப் பிறகாவது விட்டார்களா? "புள்ளைய எங்கடா வச்ச" என்று சட்டையைப் பிடித்தார்கள். நான் குறுக்கே போய், நோன்பு வைத்திருக்கிற பிள்ளை, விடுங்கள் என்று கெஞ்சினேன். துளசிங்கம் என்னிடம் சொன்னது இது: "உனக்குத் தெரியாதும்மா. இவனுங்க புள்ளைங்களத்தான் தூக்குவானுங்க. புக்குலயே போட்டுக்கீறாங்க."

புக்கில் போட்டிருக்கிறார்களாம். நீங்கள் எழுதினீர்கள், நான் வரைந்தேன். அது சாட்சி சொல்லுகிறது.

கல் ஒன்று வந்து இத்ரீஸின் புருவத்தில் பட்டது. அதே நேரத்தில் குழந்தை கிடைத்துவிட்டது. துளசிங்கத்தின் புது வீட்டிலேயே மணல் குவியலில் விளையாடி அப்படியே தூங்கிப்போயிருக்கிறது. எல்லாரும் கலைந்தார்கள். ஒருவர்கூட ரோட்டில் கிடந்த துணியைப் பொறுக்கவில்லை. நான்தான் பொறுக்கினேன். நோன்பு திறக்கும் பாங்கு சொல்லி முடிந்திருந்தது.

ரத்தம் துடைக்க அவரை உள்ளே கூப்பிட்டேன். இதுவரை அவர் என் வீட்டுக்குள் வந்ததில்லை, வாசலோடு சரி. முன்னறை மேஜையில் மைப்புட்டியும் பிரஷும் பாதி வரைந்த படமும் இருந்ததை நான் மறந்துவிட்டேன். சாக்கும் தோளுமாக டொம்பாலா. பென்சில் கோடு முடிந்து மை பாதி ஏறியிருந்தது. அவர் குனிந்து பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு என்னை நிமிர்ந்து பார்த்துச் சொன்னார்.

"பூதம்."

நான் கற்றுக்கொடுத்த வார்த்தை. தண்ணீர்கூடக் குடிக்காமல் மேலே போய்விட்டார். கதை வேறு ஆள் வேறு என்று எழுதியிருந்தீர்கள். இந்தத் தெருவில் யாரும் அதற்கு முன்னால் ஆப்பிரிக்காக்காரரைக் கண்ணால் பார்த்ததில்லை. நானும் பார்த்ததில்லை. மூன்று வருடமாக எங்களுக்குத் தெரிந்தது டொம்பாலாதான். இத்ரீஸ் அவனுக்குப் பின்னால்தான் வந்தார். இடம் ஏற்கெனவே நிரம்பிவிட்டது.

நோன்புப் பெருநாளைக்கு வீட்டில் இனிப்பு எதுவும் செய்யப்போவதில்லை.

நஃபீசா


படப்பை
20-2-1997

அன்புத் தங்கச்சிக்கு,

உன் கடிதத்தை ஒர்க்‌ஷாப்பில் வைத்துப் படித்தேன். அன்றைக்கு மூன்று முறை தப்பான சைஸில் போல்ட் எடுத்துக் கொடுத்தேன். போன கடிதத்தை நான் எழுதியிருக்கக் கூடாது. மன்னித்துவிடு.

அந்தச் சூடான் பிள்ளைக்கு ஏதாவது செய்தாக வேண்டும் என்று பத்து நாளாகத் தவித்தேன். நேற்று வழி கிடைத்தது. டொம்பாலாவை நல்லவனாக்கிவிட்டேன். ஏப்ரல் இதழில் கதை முடிகிறது. தீப்பிடித்த கோட்டையில் இளவரசி மாட்டிக்கொள்கிறாள். ராஜாவும் சேனையும் கையைப் பிசைந்துகொண்டு நிற்கிறார்கள். டொம்பாலா பாய்ந்து உள்ளே போய் அவளைச் சாக்கில் சுற்றி வெளியே எறிந்து காப்பாற்றுகிறான். கூரை அவன் மேல் விழுகிறது. ராஜாவின் மடியில் தலை வைத்து, "மகாராஜா, நான் கறுப்பாக இருந்தாலும் என் உள்ளம் வெள்ளை" என்று சொல்லிவிட்டு உயிரை விடுகிறான். எழுதும்போது எனக்கே கண்ணீர் வந்துவிட்டது. வீட்டில் படித்துக் காட்டினேன், காமு தேம்பித் தேம்பி அழுதாள். இதைப் படித்த பிறகு எந்தக் குழந்தை அவரைப் பார்த்துப் பயப்படும்?

கடைசிப் படத்துக்கு நீ உயிரைக் கொடுத்து வரைய வேண்டும். இத்ரீஸிடம் அவசியம் படித்துக் காட்டு. அண்ணன் அனுப்பியது என்று சொல்.

முனிரத்தினம்


செம்பாக்கம்
3-3-1997

அண்ணாவுக்கு,

இத்ரீஸ் மூன்று வாரம் என்னிடம் பேசவில்லை. போன ஞாயிறு அவராகவே கீழே வந்தார், கையில் நம் பழைய இதழ்கள் பத்துப் பன்னிரண்டு. தாம்பரத்தில் பழைய புத்தகக் கடையில் வாங்கினாராம். எழுத்துக்கூட்டிப் படிக்கிறார். டொம்பாலாவை வைத்தேதான் தமிழ் கற்றுக்கொண்டிருக்கிறார்.

நீங்கள் அனுப்பியதைப் படித்துக் காட்டினேன். புரியாத இடத்தில் எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னேன். முடிந்ததும் அவர் இதழ்களை அடுக்கி வைத்தார். பிறகு சொன்னார்: "கெட்டவனா இருந்தான், மூணு வருஷம் உயிரோட இருந்தான். நல்லவன் ஆனான், அதே மாசம் செத்துட்டான்."

அவ்வளவுதான் சொன்னார். கோபமாகக்கூட இல்லை. எனக்கு உங்கள் கதையின் ஒவ்வொரு வரியும் அதன் பிறகு வேறு மாதிரிக் கேட்டது. உள்ளம் வெள்ளை என்கிறானே, அதை எந்த இங்கிலீஷில் நான் அவரிடம் சொல்வது? அந்த வரியை மட்டும் விட்டுவிட்டுத்தான் படித்தேன். அவர் விட்டதைக் கண்டுபிடித்து, விரல் வைத்து, எழுத்துக்கூட்டிப் படித்தார்.

சாவுப் படத்தை நான் வரைய மாட்டேன். டொம்பாலாவை இனிமேல் எப்படியுமே வரைய மாட்டேன். ஆசிரியருக்கும் எழுதிவிட்டேன்.

ஒன்று கேட்கிறேன், மறைக்காமல் சொல்லுங்கள். முதல் கதைக்கு நீங்கள் எழுதி அனுப்பிய அடையாளங்களை வைத்துத்தான் நான் அந்த முகத்தை வரைந்தேன். உதடு, மூக்கு, கண், கறுப்பு. நீங்களும் அவர்கள் ஒருவரையும் பார்த்ததில்லை. பிறகு அந்த முகம் உங்களுக்கு எங்கிருந்து வந்தது?

நஃபீசா


படப்பை
12-3-1997

தங்கச்சிக்கு,

உன் கேள்வியை ஒரு வாரம் முன்னால் கேட்டிருந்தால் ஏதாவது சாமர்த்தியமாகப் பதில் எழுதியிருப்பேன்.

நான் கறுப்பு என்பது உனக்குத் தெரியும். எங்கள் பக்கத்தில் எல்லாரும் கறுப்புத்தான், ஆனால் நான் எல்லாரையும் விடக் கறுப்பு. பள்ளிக்கூடத்தில் ஆறாவதிலிருந்து பத்தாவது வரை நாடகத்தில் எனக்கு ஒரே வேஷம், அரக்கன். அரிதாரப் பெட்டி என்னிடம் வரவே வராது. "உனக்கு எதுக்குடா மேக்கப், உங்கம்மாவே போட்டு அனுப்பிச்சிட்டாங்க" என்று வாத்தியார் சொல்வார். பிள்ளைகள் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன். சிரிக்காவிட்டால் இன்னும் மோசமாக இருக்கும். உதட்டை மட்டும் சிவப்பு மை போட்டுத் தடியாக்கிவிடுவார்கள், மூக்கில் தேங்காய் ஓட்டுத் துண்டு ஒன்றைச் செருகிவிடுவார்கள். மேடையில் கண்ணை உருட்டச் சொல்வார்கள்.

உனக்கு எழுதி அனுப்பியது அந்த முகத்தைத்தான். காப்பிரித் தீவு என்று ஒன்றை உண்டாக்கி அதற்குத் தள்ளிவிட்டேன். இனிமேல் அது என்னுடையதல்ல, எங்கோ கடலுக்கு அப்பால் இருக்கிறவனுடையது என்று ஒரு நிம்மதி. எழுதும்போது இதெல்லாம் தெரிந்துதான் செய்தேன் என்று சொல்ல மாட்டேன். தெரியாது என்றும் சொல்ல முடியவில்லை.

சனிக்கிழமை ஆண்டு விழா. எனக்குச் சால்வை போர்த்தி மேடைக்கு எதிரே முதல் நாற்காலியில் உட்கார வைத்தார்கள். நாடகம் ஆரம்பமாயிற்று. டொம்பாலாவின் ஆட்களாக நாலு பிள்ளைகள் வந்தார்கள், நாலு பேர் முகத்திலும் நம் முகமூடி. பிறகு டொம்பாலா வந்தான். காமு. சாக்கைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தாள். முகத்தில் முகமூடி இல்லை. கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அவள் நன்றாகத்தான் செய்தாள், கண்ணை உருட்டினாள், நடுவில் என்னைப் பார்த்தாள். நான் கைதட்டினேன். என்ன செய்வதென்று தெரியாமல் கைதட்டினேன்.

திரும்பும்போது சைக்கிளில் பின்னால் உட்கார்ந்துகொண்டு கேட்டாள். "அப்பா, மத்தவங்களுக்கெல்லாம் மாஸ்க் குடுத்தாங்க. நான்தான் மெயின் ஆளு. எனக்கு மட்டும் மாஸ்க் வேணாம்னு மிஸ் சொல்லிட்டாங்க. ஏன்ப்பா?"

வீடு வரைக்கும் மிதித்துக்கொண்டே வந்தேன். அவள் இரண்டு தடவை கேட்டாள், மூன்றாவது தடவை கேட்கவில்லை. அதுதான் என்னைத் தின்கிறது. நானும் அந்த வயசில் அப்படித்தான் கேட்பதை நிறுத்தினேன்.

முனிரத்தினம்


செம்பாக்கம்
24-3-1997

அண்ணாவுக்கு,

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். மூன்றாவது முறை படிக்க முடியவில்லை.

நீங்கள் கதையை நிறுத்தச் சொல்லி எழுதியதாக ஆசிரியர் எனக்குச் சொல்லி அனுப்பினார். டொம்பாலா பத்திரிகைக்குச் சொந்தமாம். ஏப்ரலில் இருந்து வேறொருவர் எழுதுவார், வேறொருவர் வரைவார். மே மாதம் மறுபடியும் முகமூடி கொடுப்பார்களாம். நாம் நிறுத்தினாலும் அவன் நிற்க மாட்டான் அண்ணா. துளசிங்கம் வீட்டில் நம் அட்டை வெயிலில் வெளுத்துவிட்டது, புதிதாக வந்தால் மாற்ற வேண்டும் என்று அவர் என்னிடமே சொன்னார்.

இத்ரீஸ் காலி செய்கிறார். வேளச்சேரியில் அவர்கள் நாலு பேர் சேர்ந்து ஒரு வீடு பார்த்திருக்கிறார்கள். என்னோடு கோபம் இல்லையாம். படியில் ஏறும்போது முதுகுப் பக்கம் யார் வருகிறார்கள் என்று பார்க்காமல் ஏற வேண்டும், அது போதும் என்கிறார். தடுக்க எனக்கு என்ன இருக்கிறது?

போகும்போது ஒன்று கேட்டார். முகமூடியின் அசல் படம். அச்சான பிறகு அசலைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள், என்னிடம்தான் இருக்கிறது. எதற்கு என்றேன். அந்த ஊரில் உன்னை எப்படிப் பார்த்தார்கள் என்று அம்மா கேட்பார்கள், சொல்ல வார்த்தை வராது, இதைக் காட்டிவிடுவேன் என்றார். கிழித்துப் போட்டுவிடலாம் என்று கை பரபரத்தது. கிழித்தால் எல்லாம் சரியாகிவிடுமா? எடுத்துக் கொடுத்தேன்.

அவர் வாங்கிக்கொள்ளவில்லை. கீழே பெயர் எழுதித் தரச் சொன்னார். நான் பழக்கத்தில் புனைபெயரை எழுதப் போனேன். "அது வேணாம். உங்க பேரு" என்றார். நஃபீசா என்று முழுதாக எழுதினேன். மூன்று வருடத்தில் என் சொந்தப் பெயரை ஒரு படத்தின் கீழ் எழுதியது அதுதான் முதல் முறை.

பக்கத்தில் உங்களுக்கும் இடம் விட்டிருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மதியம் வரை இங்கே இருப்பார்.

நஃபீசா


படப்பை
27-3-1997

தங்கச்சிக்கு,

ஞாயிறு முதல் பஸ்ஸில் வருகிறேன். காமுவும் வருகிறாள். அவளுடைய கேள்விக்குப் பதிலை அவர் எதிரில் சொல்வதாகச் சொல்லியிருக்கிறேன். என்ன சொல்லப்போகிறேன் என்று இன்னும் தெரியவில்லை.

அலமாரியில் வைத்திருந்த அவளுடைய முகமூடியைக் கொண்டுவரட்டுமா என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். பேனாவை மட்டும் எடுத்துக்கொண்டு வருகிறோம்.

முனிரத்தினம்